என் கையெழுத்துதான்

உறையூர், திருச்சி
12.3.1961

அன்பு மகன் ராசப்பனுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் நடமாடிக்கொண்டுதான் இருக்கிறோம், உடம்புக்குக் குறையில்லை. நீயும் மருமகளும் பிலாயில் சுகமாக இருக்க வெக்காளியம்மனை வேண்டிக்கொள்கிறேன். இரும்பாலையில் உலைப் பக்கம் வேலை பார்த்துவிட்டு வந்த சூட்டோடு பச்சைத் தண்ணீரில் குளிக்காதே, சளி பிடித்துக்கொள்ளும்.

பாங்குக் கேஸ் என்னவாயிற்று என்று கேட்டிருந்தாய். இத்தனை நாள் எழுதக் கை வரவில்லை. வீடு நமக்கு நிற்காது ராசப்பா. காரணம் நான்தான், அப்பாவை ஒன்றும் சொல்லாதே. மணப்பாறை எண்ணெய் மில்லுக்காக அப்பா கடன் வாங்கியபோது, வீடு என் பேரில் இருந்ததால் என்னையும் பாங்குக்கு அழைத்துப்போனார். அங்கே குமாஸ்தா ஹபீபுல்லா பத்திரம் முழுவதையும் வாசித்துக் காட்டி, அம்மா, கடன் கட்டலேன்னா வீட்டை ஏலம் விட்டுடுவாங்க, யோசிச்சுக் கையெழுத்துப் போடுங்க என்றார். தெரிந்துதான் போட்டேன். அவரும் சாட்சிக் கையெழுத்துப் போட்டார். மில் நொடித்துப் பாங்கு கேஸ் போட்டதும் நம் வக்கீல், கையெழுத்து என்னுதில்லைன்னு மட்டும் சொல்லுங்க, வீட்டை யாரும் தொட முடியாது என்றார். அப்பாவும் குனிந்த தலை நிமிராமல், சொல்லிடு என்றார். கூண்டில் ஏறி, நான் அந்தப் பாங்குப் படியே மிதிச்சதில்லை, இந்தக் குமாஸ்தா யாருன்னே தெரியாது என்று சொல்லிவிட்டேன். அவர் எதிரேதான் நின்றார்.

பொய்க் கையெழுத்துக்குச் சாட்சி போட்டவர் என்று பாங்கில் அவரை வேலையிலிருந்து நிறுத்திவைத்துவிட்டார்கள். எனக்கு அது தெரியாது. கார்த்திகை மாதம் சத்திரம் பக்கம் காய் வாங்கப் போனால், ஒரு வெங்காய மண்டியில் மூட்டைகளுக்குச் சீட்டு எழுதிக்கொண்டிருக்கிறார். என்னைக் கண்டதும் எழுந்து, நல்லா இருக்கீங்களாம்மா என்றார். திட்டியிருந்தால்கூடத் தேவலை. வீட்டுக்கு வந்து அப்பாவிடம், கோர்ட்டுல உண்மையைச் சொல்லிடறேங்க என்றேன். குடியிருக்கிற வீட்டைவிட அவன் உனக்குப் பெருசாப் போயிட்டானா என்று கத்தினார். நான் பயந்து அடுத்த வாய்தாவில் வாயே திறக்கவில்லை. அதற்கும் அடுத்த வாய்தாவில்தான் எழுந்து, ஐயா, அது என் கையெழுத்துதான், அன்னிக்குப் பொய் சொல்லிட்டேன் என்றேன். வக்கீல் கேஸ் கட்டை மூடி வைத்துவிட்டார். பொய்ச் சாட்சிக்கு ஜெயில் உண்டு தெரியுமா என்று ஜட்ஜ் கேட்டார். அனுப்புங்க ஐயா என்றேன். கண்டித்துவிட்டு, போகச் சொன்னார். தீர்ப்பு பாங்குக்குத்தான். ஆறு மாதம் தவணை, அதற்குள் கட்டாவிட்டால் ஏலம்.

ஹபீபுல்லாவை மறுபடி வேலையில் சேர்த்துக்கொண்டார்கள் என்று கேள்விப்பட்டுப் பாலக்கரையில் அவர் வீட்டுக்குப் போனேன். நாற்காலி போட்டு உட்காரவைத்தார். மன்னிச்சிடுங்க தம்பி என்றேன். வேலை வந்துடுச்சும்மா, ஆனா நீங்க உண்மையைச் சொல்றதுக்கு முந்தின வாரம் எங்க அத்தா மவுத்தாயிட்டாங்க, கள்ளக் கையெழுத்துப் போட்டவன்னு கடைசி வரைக்கும் என் கையால தண்ணி வாங்கிக் குடிக்கலே என்றார். நான் வாயை மூடிக்கொண்டிருந்த அந்த வாய்தாவிலேயே சொல்லியிருந்தால் அவர் தகப்பனார் சாகுமுன் காதில் விழுந்திருக்கும். எழுந்து வந்துவிட்டேன். அவர் தெருமுனை வரை கூட வந்து என்னை பஸ் ஏற்றிவிட்டார். மாடி அறை உனக்கென்று கட்டியது, அதையும் சேர்த்துத்தான் கொடுத்துவிட்டேன். உனக்கும் நான் குற்றவாளிதான்.

ஸ்ரீரங்கம் அடையவளஞ்சான் வீதியில் ஒரு போர்ஷன் பார்த்திருக்கிறேன், இருவருக்குப் போதும். அப்பா இன்னும் என்னோடு பேசுவதில்லை, போட்டதைச் சாப்பிட்டுவிட்டு எழுந்துபோகிறார். அவருக்குத் தனியாக ஆறுதலாக ஒரு கடிதம் போடு. கோபம் இருந்தால் அதில் எழுதாதே, எனக்கு எழுது, எவ்வளவு இருந்தாலும் எழுது. நீயும் மருமகளும் மனம் ஒத்து நீண்ட நாள் வாழவேண்டும். ஆவணி வரைக்கும் இதே விலாசம்தான்.

உன் அம்மா,
ரெங்கம்மாள்