தூள் செய்த வேலை

இஞ்சாருங்கோ,

கலியாண வீட்டிலிருந்து வந்ததும் முதலில் இதை வாசியுங்கோ. நேற்று நீங்கள் சாவகச்சேரிக்குப் போன பிறகு, உங்கள் இரண்டாவது ரத்தப் பரிசோதனை முடிவை எடுத்துக்கொண்டு டொக்டரிடம் போனேன். போன மாதம் நூற்றெண்பதாக இருந்த ஈரல் நொதியம் இப்போது நாற்பத்திரண்டு!

"குடியெண்டு நான் நினைக்கேல்லை, தங்கச்சி. முழங்கால் நோவுக்கு அவர் குடிச்ச மூலிகைத் தூள்தான் காரணம் போலை கிடக்கு. நான் நிப்பாட்டச் சொன்னாப் பிறகுதானே இறங்கியிருக்கு" என்றார்.

அந்தத் தூளை வாங்கிவந்து, காலையும் மாலையும் உங்களைக் குடிக்க வைத்தது நான்தான். "நான் கள்ளுத் தொட்டு அஞ்சு வருஷம், கலா" என்று எத்தனை தரம் சொன்னீர்கள்! நம்பாமல் ஒரு மாதம் உங்களோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. பிழை என்னுடையது. கோபிக்காதேங்கோ.

பள்ளிக்கூடத்துக்கு நேரமாகிறது. பிட்டும் முரல் மீன் குழம்பும் மூடி வைத்திருக்கிறேன். றிப்போட் மேசை லாச்சிக்குள் இருக்கிறது. அடுத்த மாதம் இன்னொரு தரம் ரத்தம் சோதிக்க வேண்டுமாம்.

உங்கள்
கலா

மறந்துபோனேன்: பத்து மணிக்கு உங்கடை அண்ணை வருவார். அவருக்கும் அந்தத் தூளில் அரைப் போத்தல் கொடுத்திருக்கிறேன். இன்றைக்கே நிறுத்திவிட்டு, ரத்தம் சோதிக்கச் சொல்லுங்கோ. கொடுத்தது பிழை என்று பின்னேரம் நானே அவரிடம் சொல்லுகிறேன். அதுவரைக்கும் என்னை விட்டுக்கொடுக்காதேங்கோ.