இஸ்மிர்க்காரியைப் பற்றி என் அக்கா எழுதியது

பிரியமான மங்கை அக்கா,

தட்டில் தேங்காய்ப்பால் சொதியை ஊற்றிவிட்டு, நான் எழுந்து கை கழுவும்வரை என்னோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தவளே,

இதை நீ படிக்கப் போவதில்லை. நம் தமிழ்ச் சங்கத்தின் ஆண்டு மலர் போகிற வீடுகளில் எல்லாம் படிப்பார்கள். படிக்கட்டும். உனக்கு நான் செய்தது ஐந்து பேருக்குள் நடந்து முடிந்தது. அதைச் சரிசெய்வது ஊரறிய நடக்கட்டும்.

முதலில் வீட்டுச் செய்தி. அத்தான் இன்னமும் லிவர்மோரிலிருந்து மலையேறி இறங்கி சான்டா கிளாராவுக்கு வேலைக்கு வருகிறார். இப்போது அரை மணி முன்னதாகவே கிளம்பிவிடுகிறார். வீட்டில் தனியாக உட்கார்ந்து காபி குடிக்கப் பிடிக்கவில்லையாம். யாழினி சனிக்கிழமைகளில் கல்லூரியிலிருந்து வந்து, அப்பாவுக்குச் சமைத்து, டப்பா டப்பாவாக ஃப்ரீசரில் அடுக்கிவிட்டுப் போகிறாள். நீ வேலை பார்த்த பல் டாக்டர் ஆபீசுக்குப் போன மாதம் போயிருந்தேன். உன் இடத்தில் புதுப் பெண். கண்ணாடித் தடுப்புக்குப் பின்னாலிருந்து தலை நிமிராமல் இன்ஷூரன்ஸ் கார்டைக் கேட்டாள். கொடுத்தேன். வேறு என்ன செய்ய?

என் சங்கதி பழையபடிதான். என்னைவிடப் பத்து வயது சின்னவன் டைரக்டராக என் தலைக்கு மேலே உட்கார்ந்திருக்கிறான். நான் போட்ட டிசைனைத் தன் பெயரில் காட்டிப் போனவன். நான் மறக்கவில்லை, மறக்கிற உத்தேசமும் இல்லை. இதை உன்னிடம் முதல் தடவை புலம்பியபோது நீ சோபாவில் துணி மடித்துக்கொண்டிருந்தாய். டி.வி.யில் துருக்கி சீரியல். அதிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னாய்:

"இஸ்மிர்க்காரி இருவத்தஞ்சு வயசுல எழுவது வயசுக் கெழவியா நடிச்சாளே. அவ யாருகிட்டப் போயி அழுதா?"

"அவ நாடகக்காரி. நான் இன்ஜினீயர்."

"அதாம்ல வித்தியாசம். அவளுக்குக் கைதட்டாவது விழுந்துச்சு."

கோபத்தில் பாதிச் சாப்பாட்டில் எழுந்து போனேன். மறுவாரம் நீ கூப்பிடாமலே வந்தேன். நீயும் அதைப் பற்றிப் பேசவில்லை, நானும் பேசவில்லை. நம் சண்டைகள் அப்படித்தான் முடியும்.

இஸ்மிர்க்காரி யாரென்று படிப்பவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். துருக்கியில் இஸ்மிர் என்ற கடற்கரை நகரத்தில் பிறந்த நடிகை. சீரியல்களிலும் சில படங்களிலும் நடித்தவர். அவருடைய பெயர் உன் கட்டுரையில் இருக்கிறது. வீட்டில் ஒருநாளும் அந்தப் பெயரை நீ சொன்னதில்லை. பக்கத்துத் தெருவில் வாழ்க்கைப்பட்டு வந்தவளைப் போல இஸ்மிர்க்காரி என்றுதான் சொல்வாய்.

எம்.எஸ்சி. தாவரவியல் படித்துவிட்டு, அத்தானின் விசாவோடு ஒட்டிக்கொண்டு வந்து, வேலைக்குப் போக அனுமதி இல்லாமல் ஒன்பது வருஷம் வீட்டில் இருந்தாய். அந்த ஒன்பது வருஷத்தின் பின்பாதியில்தான் அவள் உனக்குக் கிடைத்தாள். கீழே ஓடும் ஆங்கில வரிகளை வைத்துப் பார்க்க ஆரம்பித்தவள், இரண்டு வருஷத்தில் அந்த வரிகளையே அணைத்துவிட்டாய். "வினைச்சொல்ல நம்மள மாதிரியே கடைசிக்கு வச்சிருக்காவ. அவ 'மன்னிச்சேன்'னு சொல்லப் போறாளா, 'மன்னிக்க மாட்டேன்'னு சொல்லப் போறாளான்னு வாக்கியம் முடியிறவரைக்கும் தெரியாதுல" என்றாய். நான் சிரித்தேன். பொழுதுபோகாத பொம்பளை வேலை என்று நினைத்தேன். நினைத்ததோடு நின்றிருந்தால் தேவலை.

இனி, அந்த ஐந்து பேர் கதை.

மலர்க் குழுவில் ஐந்து பேர். அப்போது நான் ஆசிரியர். யாருடைய மனைவி, யாருடைய மச்சினன் என்று பார்த்துக் கட்டுரை போடும் வழக்கத்தை ஒழித்தவன் நான்தான். வரும் படைப்புகளில் பெயரை எடுத்துவிட்டு, எண் போட்டுத்தான் குழுவுக்குக் கொடுக்க வேண்டும். நிராகரித்ததை மறுபடி எடுக்கக் கூடாது. நிராகரித்தால் காரணத்தை ஒரு வரியிலாவது எழுத வேண்டும். இந்த மூன்று விதிகளையும் எழுதியவன் நான். இன்றைக்கும் முதல் விதி நல்ல விதி என்றுதான் சொல்வேன்.

மூன்று வருஷத்துக்கு முன்னால், பதினேழாம் எண் போட்டு ஒரு கட்டுரை வந்தது. ஒரு துருக்கி நடிகையின் வாழ்க்கை, பத்துப் பக்கம். உனக்குத்தான் இப்படி ஒரு பைத்தியம் என்று தெரியும். ஆனாலும் நீ எழுதுவாய் என்று எனக்குத் தோன்றவே இல்லை. இங்கே நம்மவர்களின் பாதி வீடுகளில் அந்தச் சீரியல்கள் ஓடுகின்றன, எவரோ ஒருவர் என்று விட்டுவிட்டேன். முதல் பக்கத்தை மட்டும் படித்தேன். குழுவில் இரண்டு பேர் வேண்டும், இரண்டு பேர் வேண்டாம். என் ஓட்டு வேண்டாம். காரணத்தையும் எழுதினேன்: "இந்த மலர் சீரியல் பார்ப்பவர்களின் கைக்குட்டை அல்ல. எழுதியவர் முதலில் ஒரு நல்ல புத்தகம் படிக்கட்டும்."

அடுத்த ஞாயிற்றுக்கிழமை உன் வீட்டில் சொதியும் இஞ்சித் துவையலும். நான் மூன்றாம் தடவை சாதம் போட்டுக்கொள்ளும்போது நீ கேட்டாய்: "ஏல தம்பி, நல்ல புஸ்தகம்னா என்னென்னல படிக்கணும்? ஒரு லிஸ்டு சொல்லு."

நான் சொன்னேன், அக்கா. துவையலைத் தொட்டுக்கொண்டே பதினொரு புத்தகம் சொன்னேன். ஒவ்வொன்றையும் ஏன் படிக்க வேண்டும் என்று விளக்கம் வேறு. நீ ஒரு காகிதத்தில் எழுதி ஃப்ரிட்ஜில் ஒட்டினாய். ஊரில் எனக்கு முதல் நூலக அட்டை வாங்கிக் கொடுத்தவள் நீ. என் பட்டியலை நல்ல பிள்ளையாக எழுதிக்கொண்டாய்.

நீ ஆபீசில் மயங்கி விழுந்து, பத்து நாள் ஆஸ்பத்திரியில் கிடந்து, எங்களை விட்டுப் போன பிறகு, நினைவு நாளுக்குப் படம் தேட உன் லேப்டாப்பை யாழினியும் நானும் திறந்தோம். படங்களுக்குப் பதிலாகக் கட்டுரை கிடைத்தது. அதற்குக் கீழே மலர்க் குழுவின் பதில். அதில் என் வரி. அந்த 'முதலில் ஒரு நல்ல புத்தகம் படிக்கட்டும்' நான் மேடையிலும் சாப்பாட்டு மேசையிலும் நூறு தடவை சொல்கிற வாக்கியம். பெயரை மறைத்துவிட்டால் ஆள் தெரியாது என்று நினைத்தவன், என் வாயை மறைக்க மறந்துவிட்டேன்.

"அம்மாவுக்கு இது நான்தான்னு தெரியுமா?" என்று யாழினியிடம் கேட்டேன். அவள் தயங்கவில்லை.

"மாமா, அம்மாவுக்கு ஆல்வேஸ் தெரியும். அன்னிக்கே சிரிச்சாங்க. 'டோன்ட் டெல் மாமா, அவன் சாப்பிட வரமாட்டான்'னு சொன்னாங்க."

அன்றைக்குத்தான் பத்துப் பக்கத்தையும் படித்தேன். இரண்டாம் பக்கத்தில் இஸ்மிர்க்காரியின் அம்மா நகர நாடகக் கொட்டகையில் உடை தைக்கிறாள். மகள் துணி வெட்டும் மேசைக்கு அடியில் கிடந்து வளர்கிறாள். பிறகு அங்காராவில் நடிப்புப் படிப்பு. கனத்த குரல் என்று பத்து வருஷம் சின்ன ஊர் மேடைகளில் கிழவி வேஷம். இஸ்தான்புலுக்கு வந்தால் முகத்தை யாரும் கேட்கவில்லை, குரலை மட்டும் கேட்டார்கள். அயல்நாட்டு நாடகங்களுக்கு டப்பிங் பேசுகிறாள். முப்பத்தெட்டு வயதில்தான் சீரியல், அதுவும் குடும்பத்தைக் கெடுக்கும் நாத்தனாராக. வாரா வாரம் இரண்டு மணி நேரம் ஓடும் நாடகம், வாரத்தில் ஆறு நாள் படப்பிடிப்பு, வசனம் அன்று காலையில்தான் கைக்கு வரும். சந்தையில் ஒரு காய்கறிக்காரர் அவளுக்குத் தக்காளி தர மாட்டேன் என்கிறார். அவள் வீட்டுக்கு வந்து, தனக்கு முதல் பரிசு கிடைத்துவிட்டது என்று அம்மாவிடம் சொல்கிறாள்.

நாற்பத்தெட்டு வயதில் ஒரு சின்னப் படத்தில் நாயகி. பனி கொட்டும் ஊரில் பஸ் நிலையத்து டிக்கெட் கவுன்டரில் உட்கார்ந்திருக்கும் பெண். படத்தில் பாதிக்கு மேல் கண்ணாடிக்குப் பின்னால்தான். நீ எழுதியிருக்கிறாய்: 'கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இருப்பவர்கள் பேசும்போது அவள் அவர்களுடைய வாயைப் பார்ப்பதில்லை, கையைப் பார்க்கிறாள். அவசரமும் பயமும் முதலில் கையில்தான் வரும். இதை யாரும் சொல்லிக் கொடுத்து அவள் நடிக்கவில்லை. எங்கோ ஒரு கவுன்டரில் ஒரு வாரமாவது உட்கார்ந்திருக்க வேண்டும்.'

இதை எழுத நீ எங்கே உட்கார்ந்திருந்தாய் என்று எனக்குத் தெரியும். நான் பட்டியல் போட்ட பதினொரு புத்தகத்திலும் இப்படி ஒரு பத்தி இருக்கிறதா என்று இப்போது சந்தேகமாக இருக்கிறது. எனக்கு எழுத்து தெரியும் அக்கா. இது நல்ல எழுத்து. நீ போய்விட்டாய் என்பதற்காகச் சொல்லவில்லை.

ஆக, இதை மலரில் போட வேண்டும். ஆனால் நிராகரித்ததை மறுபடி எடுக்கக் கூடாது என்பது விதி. விதியைத் தளர்த்த வேண்டியவர் இப்போதைய தலைவர் பழனிவேல். அவருடைய கவிதையை நான் திருப்பி அனுப்பியதிலிருந்து எங்களுக்குள் பேச்சு இல்லை. குழுவை விட்டு நான் வெளியே வந்ததும் அவரால்தான். அந்தக் கவிதை இன்றைக்கும் மோசமான கவிதைதான், அதில் மாற்றமில்லை. ஆனாலும் போனேன். சனிக்கிழமை தமிழ்ப் பள்ளி வராந்தாவில் பெற்றோர்களுக்கு டீ ஊற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தார்.

"வாங்க சார். வழி மறக்கலீங்களா?"

"ஒரு உதவி வேணும், பழனிவேல்."

"எங்கிட்டயா? இருங்க, உக்காந்துக்கறேன்."

கட்டுரைத் தாள்களை நீட்டினேன். விஷயத்தைச் சொன்னேன்.

"ரூலு எழுதினது நீங்கதானுங்களே?"

"ஆமா. அந்த விதி தப்பு."

"அடடா, ஃபோன்ல ரெக்கார்ட் பண்ணியிருக்கோணும்" என்று சிரித்தபடி முதல் பக்கத்தைப் பார்த்தார். சிரிப்பு நின்றது. "இது அந்த பஸ் ஸ்டாண்டு கட்டுரைங்களா? பதினேழு? எனக்கு நல்லா ஞாபகம் இருக்குதுங்க. குழுவுல நான் வேணும்னு ஓட்டுப் போட்டேன். நீங்கதான் சார்..." நிறுத்திக்கொண்டார். "யாருங்க எழுதினது?"

"என் அக்கா."

"பல் டாக்டர் ஆபீஸ் மங்கை அக்காங்களா?" டீக் கப்பைக் கீழே வைத்தார். "என்ற பொண்ணு பல்லுப் புடுங்க விடமாட்டேன்னு அழுதப்ப, கண்ணாடிக்கு வெளிய வந்து அவ கையப் புடிச்சுட்டே நின்னாங்க சார். அவ கைய மட்டும்தான் பாத்துட்டு இருந்தாங்க."

எனக்குப் பேச வரவில்லை என்பதை அவர் ஊருக்கெல்லாம் சொல்லிக்கொள்ளட்டும், அனுமதிக்கிறேன்.

"போட்டுரலாமுங்க. ஒரே கண்டிஷன். நீங்க எடிட் பண்ணக் கூடாது."

"முன்னுரை மட்டும் எழுதறேன்."

"எத்தனை பக்கம்?"

"நாலு."

"மூணு. அதுக்கு மேல போனா உங்க ரூல்படி காரணம் எழுதித் திருப்பி அனுப்பிருவேன்."

அந்த மூன்று பக்கம்தான் இது, அக்கா. என் பழைய வரியையும் மறைக்காமல் மேலே போட்டுவிட்டேன். உன் பத்துப் பக்கம் இதை அடுத்து வருகிறது, உன் முழுப் பெயரோடு.

ஒரே ஒரு சிக்கல். அச்சுக்குப் போகும் முன் தகவல் எல்லாவற்றையும் சரிபார்ப்பது என் பழக்கம். எடிட் பண்ணத்தானே கூடாது, பார்க்கலாமே? அதனால் அந்தப் படத்தைப் பார்த்தேன். அத்தானும் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தார். கடைசிக் காட்சியில் கடைசி பஸ் கிளம்புகிறது. அவள் கவுன்டர் விளக்கை அணைக்கிறாள், கண்ணாடி வழியாக வெளியே பார்க்கிறாள், படம் முடிகிறது. நீ உன் கடைசி வரியில் எழுதியிருக்கிறாய்: 'அப்போது அவள் ஒரு நொடி சிரிக்கிறாள்.'

அவள் சிரிக்கவில்லை. மூன்று தடவை ஓட்டிப் பார்த்தேன். நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். உதடு அசையவே இல்லை. அத்தானைக் கேட்டேன். "மங்கைக்குத் தெரிஞ்சிருக்கும்" என்றார், அவ்வளவுதான். என் நாற்பது வருஷ வாசிப்பை வைத்துச் சொல்கிறேன், அது தகவல் பிழை. வேறு யார் எழுதியிருந்தாலும் அடித்திருப்பேன்.

என்னுடைய வரியை ஈமெயிலில் படித்தபோதும் நீ சிரித்தாய் என்று யாழினி சொல்கிறாள். அதை நான் பார்க்கவில்லை. எனக்கு எதிரே உட்கார்ந்து பதினொரு புத்தகத்தை எழுதிக்கொண்டாயே, அப்போதும் உன் முகத்தில் எதையும் பார்க்கவில்லை. எனக்குத் தெரியவில்லை என்பதால் இல்லை என்று எப்படி எழுதுவது?

சத்தியமாகச் சொல்கிறேன்: உன் கடைசி வரி நீ எழுதியபடியே அச்சாகும். அவள் சிரிப்பாள்.

ஒரு புள்ளியைக்கூடத் தொடாத உன் தம்பி,
கணபதி
சான்டா கிளாரா