எழுப்பினாலும் எழுந்திருக்க மாட்டார்

மார்ச் 6
இன்றும் யாரும் சிரிக்கவில்லை. மழை என்று சாக்குச் சொல்ல முடியாது, அரங்கு நிறைந்துதான் இருந்தது. மேடையில் சனாயே உளறுவாள், நான் அவள் மண்டையில் ஒரு தட்டு தட்டி மடக்குவேன். பதினெட்டு வருடமாக ஒசாகாவில் எங்கள் பிழைப்பு இந்த ஜோடி நகைச்சுவைதான். உளறல் எல்லாம் அவள் புருஷனைப் பற்றி.

"நிலநடுக்கம் வந்தப்ப, 'பெரிசானா எழுப்பு'ன்னுட்டுத் திரும்பிப் படுத்துக்கிட்டாரு. எழுப்பினாலும் எழுந்திருக்க மாட்டாரு."

சிரிப்பில் கூரை பிய்த்துக்கொண்டு போகும் இடம் அது. இன்று முன்வரிசைக் கிழவி கைக்குட்டையை எடுத்தாள்.

அவள் புருஷன் யாசுவோ ஜனவரியில் தூக்கத்திலேயே போய்விட்டார். ஊருக்கே தெரியும். முன்பெல்லாம் கடைசி வரிசையில் உட்கார்ந்து தூங்குவார், நாங்கள் கை காட்டுவோம், எல்லோரும் திரும்பிப் பார்த்துச் சிரிப்பார்கள். இன்றும் பழக்கதோஷத்தில் நாலைந்து பேர் திரும்பினார்கள். பிறகு தலையைக் குனிந்துகொண்டார்கள்.

மார்ச் 7
ஒரு வார்த்தை மாறவில்லை. இடைவெளி மாறவில்லை. பின்னே என்ன கோளாறு? ஐயோ பாவம் என்று நினைத்துவிட்டவனைச் சிரிக்க வைக்க முடியாது, அவ்வளவுதான். எனக்கே அவளைத் தட்டக் கை வரமாட்டேன் என்கிறது.

மார்ச் 15
அரங்கு மேனேஜர் இவாகி கூப்பிட்டார். புருஷனை விட்டுவிட்டுப் பூனையைப் பற்றியாவது பேசச் சொல்லுங்கள், இல்லையென்றால் ஏப்ரலில் மேடை கிடையாது என்றார். நியாயம்தான்.

தகோயாகி பலகாரக் கடையில் வைத்து சனாயேயிடம் சொன்னேன். தன் தட்டைத் தள்ளி வைத்தாள்.

"வீட்டுல இல்ல. கடைவீதியில இல்ல. மேடையிலயும் இல்லன்னா அவரு எங்கடி போவாரு, ஃபுமி?"

கோபம்தான் வந்தது. எனக்கும் வயிறு இருக்கிறதே! அவள் தட்டில் இருந்ததையும் நானே தின்றேன்.

மார்ச் 22
பூனை ஜோக். சிரித்தார்கள், மரியாதைக்கு. அதற்கு மௌனமே தேவலை.

ஏப்ரல் 2
பெப்பு. வெந்நீர் ஊற்று விடுதி ஒன்றில் ஒருநாள் நிகழ்ச்சி. எங்களை யாருக்கும் தெரியாத ஊர் என்பதால் நான்தான் தேடிப் பிடித்தேன். புருஷனையே போடு என்றேன்.

போட்டாள். நிலநடுக்கம் வந்த இடத்தில் ஒருவர் சிரித்த சிரிப்பில் சூப்புக் கிண்ணம் கவிழ்ந்தது. நானும் பழையபடி நன்றாகவே தட்டினேன். சனாயேயின் முகத்தில் உயிர்க்களை வந்ததைப் பார்த்தேன். எத்தனை நாள் ஆயிற்று.

முடிந்ததும் ஓர் அம்மாள் வந்து, அடுத்த தடவை உங்கள் வீட்டுக்காரரையும் கூட்டி வாருங்கள் என்றாள்.

"கெளப்பிப் பாக்கறேன். நகரமாட்டாரு அந்த மனுஷன்" என்றாள் சனாயே.

இதை மேடையில் அல்ல, இறங்கிய பிறகு சொன்னாள்.

ஏப்ரல் 3
ஒசாகாவுக்குத் திரும்பும் கப்பலில் ஏறவில்லை அவள். விடுதிக்காரரிடம் பேசிவிட்டாளாம், தினமும் சாப்பாட்டு நேரத்தில் தனியாக மேடை ஏறப் போகிறாளாம். துறைமுகத்தில் நாலு பேர் பார்க்கக் கத்தினேன் — பைத்தியமாடி நீ, நான் யாரோட நிக்கறது, எவ மண்டையில தட்டறது?

"ஒசாகாவுலதான்டி அவரு செத்துப்போயிட்டாரு" என்றாள். "இங்க இன்னும் சாகல."

இந்தப் பாழாய்ப்போன ஊரைக் காட்டியது யார்? நான்தானே.

ஏப்ரல் 29
புதுப் பெண்ணோடு ஏறினேன். சனாயே எங்கே என்று ஒருவர் கத்தினார். அதற்குத்தான் சிரிப்பு வந்தது.

மே 11
சனாயே போன் செய்தாள். கூட்டம் எப்படி என்றேன். சிரித்துச் சாகிறார்கள் என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "நேத்து அவரு மீன் சுடறேன்னு கருக்கிட்டாருடி" என்றாள்.

புது ஜோக்கா என்று கேட்டேன்.

"ஜோக்கு என்ன ஜோக்கு? வீடு பூரா நாத்தம்."

வாயைத் திறந்தேன். அவளை மடக்க வேண்டிய இடம். உலகத்தில் என்னைத் தவிர வேறு யார் மடக்குவார்கள்? அந்தப் பக்கம் அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தது எனக்குக் கேட்டது.

ஜன்னலைத் திறந்து வைத்தாயா என்று கேட்டேன்.