அம்மா சண்டை போடாத நாள்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே நாங்கள் எல்லோரும் சுகமாக இருக்கிறோம். எத்தனையோ கடிதங்களில் கை போன போக்கில் எழுதிவிட்டுக் கடந்துபோன வரி இது, இந்த முறைதான் அர்த்தம் தெரிந்து எழுதுகிறேன். நீயும் மாப்பிள்ளையும் அங்கே குளிரில் உடம்பைப் பார்த்துக்கொண்டு நன்றாக இருக்க வேண்டும். போனில் நீ கேட்டபோதெல்லாம் பரவாயில்லை, தேறி வருகிறாள் என்று துண்டு துண்டாகத்தான் சொல்ல முடிந்தது, பக்கத்தில் அவள் படுத்திருக்கும்போது வேறு என்ன சொல்வது. நடந்ததையெல்லாம் ஒன்றுவிடாமல் எழுதுங்கப்பா என்று கேட்டாய். இன்று கடைக்கு விடுமுறை. உன் அம்மா முன்னறையில் ஊன்றுகோலைத் தட்டித் தட்டி நடை பழகிக்கொண்டிருக்கிறாள், நான் சமையலறை மேசையைத் துடைத்துவிட்டு உட்கார்ந்திருக்கிறேன். தபாலில் போடுவதற்கு முன் அவளும் படித்துப் பார்ப்பாள், ஆகையால் கூட்டியோ குறைத்தோ எழுத வழியில்லை.

அவளுக்குச் சளிக் காய்ச்சல் வந்து போனது உனக்குத் தெரியும். காய்ச்சல் விட்டு ஒரு வாரத்துக்கு மேல் ஆகியிருந்தது, பழையபடி வண்டியை எடுத்துக்கொண்டு பெண்களுக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கப் போய்க்கொண்டுதான் இருந்தாள். பிறகு தலைவலி என்றாள். காலைக் கீழே வைத்தால் பஞ்சை மிதிக்கிற மாதிரி இருக்குங்க, கிளட்சை மிதிச்சேனா இல்லையான்னே தெரியல என்றாள். காய்ச்சல் அசதிதான், கொஞ்சம் படு என்றேன். படுத்தவள் பகலெல்லாம் தூங்கினாள், கூப்பிட்டால் ம் என்பாள், மறுபடியும் கண்ணை மூடிக்கொள்வாள். அவள் ஓய்வெடுப்பதே அதிசயம், தூங்கட்டும் என்று கதவைச் சாத்திவிட்டு நான் கடைக்குப் போனேன். அன்று சாயங்காலம் உன் அத்தை டிக்கெட் கவுண்டர் வேலை முடிந்து வந்து மாடிக் குழாயைத் திறந்திருக்கிறாள், தண்ணீர் வரவில்லை. அவர்கள் இருவருக்கும் நடுவில் இத்தனை வருடமாக அந்தத் தொட்டி வால்வு படும் பாடு உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. நேராகக் கீழே இறங்கி வந்து, வால்வை மூடினது நீங்கதானே அண்ணி என்று வழக்கமான குரலில் ஆரம்பித்தாளாம். உன் அம்மா கண்ணைப் பாதி திறந்து, ஆமா, என் தப்புதான், மன்னிச்சுக்க என்றாளாம்.

அத்தை எனக்குப் போன் போட்டாள். அண்ணே, உடனே கிளம்பி வா, அண்ணி எங்கிட்ட மன்னிப்புக் கேக்குறாங்க என்றாள். நல்லதுதானே, எப்பவோ கேட்டிருக்கணும் என்று நான் சிரித்துவிட்டேன். சிரிக்காத, வால்வு பக்கமே அவங்க போகல, தொட்டியில தண்ணியே இல்ல, செய்யாத தப்புக்கு அண்ணி எங்கிட்ட தலை குனிஞ்சு நீ எப்பவாவது பாத்திருக்கியா, இன்னிக்கு என்ன கிழமைன்னு கேட்டா உன் பேரைச் சொல்றாங்க, எழுந்திரிங்கன்னா கால் வரல என்றாள். கையில் இருந்த செம்புக் கம்பியை அப்படியே போட்டுவிட்டு ஓடினேன். நான் போய்ச் சேர்வதற்குள் அத்தை தெருவில் நின்று ஒரு வண்டியை மறித்து, உன் அம்மாவைப் போர்வையோடு தூக்கி ஏற்றியிருந்தாள். அந்த ஒல்லி உடம்பில் அவ்வளவு பலம் எங்கிருந்து வந்ததோ.

ஆஸ்பத்திரியில் நரம்பு டாக்டர் ஒரு பெண், வயதில் உனக்குக் கொஞ்சம் மூத்தவளாக இருக்கலாம். தலையையும் முதுகையும் ஸ்கேன் எடுத்தார்கள், முதுகுத்தண்டிலிருந்து நீர் எடுத்துச் சோதித்தார்கள். முடிவு தெரியவரும்வரை கிருமிக்கும் சேர்த்தே மருந்து ஏற்றினார்கள். மறுநாள் டாக்டரம்மா என்னை உட்காரவைத்து, மூளையிலும் தண்டுவடத்திலும் வீக்கம் கண்டிருக்கிறது, அழற்சி என்று சொல்வோம் என்றாள். காய்ச்சலோடு சண்டை போடக் கிளம்பிய உடம்பின் காவல் படை, காய்ச்சல் போன பிறகும் அடங்காமல் ஆள் தெரியாமல் சொந்த நரம்புகளையே அடிக்கிறதாம். நான் திருதிருவென்று விழித்ததைப் பார்த்துவிட்டு, நீங்க என்ன வேலை பாக்குறீங்க ஐயா என்று கேட்டாள். எரிஞ்ச மோட்டாருக்குப் புதுசாக் கம்பி சுத்துறவன்மா என்றேன். அப்போ சுலபம், நரம்புக்கும் உங்க கம்பி மாதிரி மேல்பூச்சு உண்டு, அது அங்கங்க உரிஞ்சிருக்கு, அதான் மூளை சொல்றது காலுக்குப் போய்ச் சேரல என்றாள். உரிஞ்ச சுருளை நாங்க வெட்டித்தான் எறிவோம் டாக்டர் என்றேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, இது உடம்புங்க, தானே மறுபடி பூசிக்கும், நாம முதல்ல அடிக்கிறதை நிறுத்தணும், நீங்க சீக்கிரம் கொண்டுவந்ததுதான் பெரிய விஷயம் என்றாள். நான் அத்தையைத் திரும்பிப் பார்த்தேன். அவள் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ஸ்டீராய்டு சொட்டுச் சொட்டாக ஏறியது. முதல் சில நாள் ஒரு மாற்றமும் இல்லை. இதற்கும் அடங்காவிட்டால் ரத்தத்திலுள்ள நீரைப் பிரித்தெடுத்து மாற்ற வேண்டியிருக்கும் என்று சொல்லி வைத்திருந்தார்கள், அந்த அளவுக்குப் போகவில்லை. மெல்ல மெல்ல மயக்கம் தெளிந்தது, என்னைப் பார்த்து என்னங்க என்றாள். ஆனால் இடுப்புக்குக் கீழே அசைவு இல்லை, சிறுநீருக்குக் குழாய். நான் ஆம்பிளை, அந்த வார்டில் பார்வை நேரத்துக்குத்தான் விடுவார்கள். அத்தை சம்பளமில்லாத விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டுக் கூடவே இருந்தாள். துடைத்து, புரட்டி, தலை வாரி, குழாய்ப் பையைக் காலி செய்து, எல்லாம் அவள்தான். இதைச் சொல்லும்போது உன் அம்மாவுக்கு இப்போதும் கண் கலங்கும். ஒருநாள் துடைத்துவிடும்போது அவள் தாங்க முடியாமல் அழுதிருக்கிறாள், போயும் போயும் உன் கையால இதெல்லாம் செஞ்சுக்க வேண்டியதாப் போச்சே என்று. அத்தை துணியைப் பிழிந்துகொண்டே, அழாதீங்க அண்ணி, நான் மேல, நீங்க கீழ, நீங்களும் போயிட்டா அந்த வீட்டுல எனக்குச் சண்டை போட வேற யாரு இருக்கா என்றாளாம்.

அதற்குப் பிறகு மருந்தின் வேகமோ என்னவோ, பசியும் கோபமும் சேர்ந்து வந்தன. ரொட்டி காய்ந்துகிடக்கிறது, போர்வை கசங்கியிருக்கிறது, தலையணையை இப்படியா வைப்பாங்க என்று அத்தையைப் பிடித்துக்கொண்டாள். வார்டே திரும்பிப் பார்த்தது. டாக்டரம்மா வந்து, தப்பா எடுத்துக்காதீங்க, இந்த மருந்துக்கு எரிச்சல் வரும் என்று அத்தையைச் சமாதானப்படுத்தினாள். இல்ல டாக்டர், இதுக்கும் மருந்துக்கும் சம்பந்தமே இல்ல, எங்க அண்ணி அசலே இதுதான் என்று அத்தை சொன்னாள், சொல்லிவிட்டு முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். உன் அம்மா தலையணையைத் தானே சரி செய்துகொண்டாள்.

வீட்டுக்கு வந்த பிறகு கால் பயிற்சிக்கு ஆஸ்பத்திரிக்குப் போய் வர வேண்டியிருந்தது. உன் அம்மாவிடம் ஓட்டக் கற்றுக்கொண்ட பெண்கள் எப்படியோ கேள்விப்பட்டு, தங்களுக்குள் முறை வைத்துக்கொண்டு, நம் பயிற்சிக் காரிலேயே அவளை அழைத்துப் போனார்கள். பல் டாக்டர் வீட்டில் வேலை செய்பவள், பள்ளிக்கூட நூலகத்துக்காரி, லைசென்ஸ் டெஸ்டில் தோற்றுத் தோற்று ஒருவழியாகத் தேறிய தையல்காரி, ஒருத்திகூட முகம் சுளிக்கவில்லை. அன்று தையல்காரியின் முறை. உன் அம்மா தன் வழக்கமான இடத்தில், கற்றுக்கொடுப்பவருக்கென்று தனி பிரேக் வைத்திருக்கிறதே அந்தப் பக்கம், மடியில் போர்வையோடு உட்கார்ந்திருக்க, நானும் அத்தையும் பின்னால் இருந்தோம். சந்து திரும்பும் இடத்தில் ஒரு பால் வண்டி திடீரென்று நின்றது. தையல்காரி பதறிப்போய்க் கையை எடுத்துக் கண்ணைப் பொத்திக்கொண்டாள். இடித்தோம் என்றுதான் நினைத்தேன், வண்டி குலுங்கி நின்றது. பால் வண்டிக்கும் எங்களுக்கும் நடுவில் ஒரு முழம்கூட இருக்காது. யார் நிறுத்தியது என்று யாருக்கும் புரியவில்லை. உன் அம்மா போர்வையை விலக்கிக் கீழே பார்த்தாள். வலது கால் பிரேக்கின் மேல் இருந்தது. ஆஸ்பத்திரிப் பயிற்சி அறையில் கம்பியைப் பிடித்துக்கொண்டு அந்தக் காலை விரல் அளவு தூக்கத்தான் அவள் அத்தனை நாள் வியர்த்துக் கொட்டினாள். பிறகு அவள் தையல்காரியிடம், கண்ணைப் பொத்துனா பிரேக் பிடிக்குமாடி என்று கேட்டாள். ஆஸ்பத்திரியில் கால் பயிற்சி கொடுப்பவரிடம் சொன்னபோது, பலம் வந்து கொண்டுதான் இருந்தது, நம்பிக்கை இப்போதுதான் வந்திருக்கிறது என்றார். அன்றைக்குத்தான் அவள் கம்பியை விட்டுவிட்டு நின்றாள்.

இப்போது ஊன்றுகோலோடு வீட்டுக்குள் நடக்கிறாள். இடது பாதம் இன்னும் மரத்துத்தான் இருக்கிறது, செருப்பு கழன்று போனால் தெரிவதில்லை. வண்டி ஓட்டுவது பற்றி டாக்டரம்மா வாய் திறக்கவில்லை, உன் அம்மா கேட்பதையும் நிறுத்தவில்லை. திரும்பவும் வருமா என்று டாக்டரம்மாவிடம் கேட்டேன். பெரும்பாலும் ஒரு தடவையோடு போய்விடும், ஆனாலும் ஸ்கேன் எடுத்துப் பார்த்துக்கொண்டே இருப்போம் என்றாள். உறுதியாகச் சொல்லவில்லையே என்று முதலில் மனது அடித்துக்கொண்டது. இப்போது அப்படி இல்லை. காலையில் அவள் எழுந்து காலைக் கீழே ஊன்றும் சத்தம் கேட்டால் அன்றைய பொழுதுக்கு அது போதும் என்று இருக்கிறது. தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போயிற்று. நீ பதறிக்கொண்டு வேலையை விட்டுவிட்டு ஓடிவர வேண்டாம், லீவு கிடைக்கும்போது மாப்பிள்ளையோடு நிதானமாக வா. ஒன்று மட்டும் மனதில் வை, அங்கே உங்கள் இருவரில் யாருக்காவது காய்ச்சல் விட்ட பிறகு பேச்சு குழறினாலோ கால் மரத்தாலோ அசதி என்று படுக்கவிடாதே, நான் விட்டதுபோல.

நீ ஊருக்குக் கிளம்பிய அன்று அத்தை மாடியிலிருந்து இறங்கி வரவில்லை, நீயும் ஏறிப்போய்ச் சொல்லிக்கொள்ளவில்லை. அம்மா பக்கம் நின்றாய், உன்னைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் இந்தக் கடிதம் கிடைத்ததும் அவளுக்கு ஒரு போன் போடு. நன்றி அது இது என்று ஆரம்பித்தால் வைத்துவிடுவாள். சாப்பிட்டியா அத்தை என்று மட்டும் கேள். மற்றதை அவளே பேசுவாள்.

நீங்கள் இருவரும் நோய்நொடி இல்லாமல் நிறைவாக வாழ எங்கள் மூவரின் ஆசிகள்.

உன் அன்புள்ள
அப்பா