அம்மன் கேட்ட கேள்வி

அன்புத் தம்பிக்கு,

அச்சுக்குப் போகும் முன் படித்துப் பார் என்று நீ அனுப்பிய புத்தகத்தைப் படித்தேன். என்னைப் பற்றிய அத்தியாயத்தில் கோபம் வந்துவிட்டது. ‘அக்காவின் கண்களில் அம்மன் அனலாய் எழுந்தாள்’ என்று எழுதியிருக்கிறாயே, யாரடா அந்த அக்கா?

ஈப்போ நகைச்சுவை மேடையில் நீ சொன்னவள்தான் நான். கோப்பெங் தோட்டத்துக் கோயில் திருவிழாவில் சாமி வந்து ஆடிக்கொண்டிருந்தவள், கூட்டத்தில் உன்னைப் பார்த்ததும் நின்று, “டேய், அடுப்ப அடைச்சிட்டு வந்தியா?” என்று கேட்டாள். அதைச் சொன்னதும் அரங்கமே விழுந்து விழுந்து சிரித்தது. மறுநாளே அம்மனைக் கேலி செய்தாய் என்று உன்மேல் போலீஸ் ரிப்போர்ட். நீ மேடையை விட்டுவிட்டு எழுத்தாளனாகிவிட்டாய். இப்போது எழுதவும் பயமா?

கோயில் தலைவர் நேற்று கேட்டார். “தம்பி இந்த வாட்டி மரியாதையா எழுதிருக்காரா?”

“ரொம்ப மரியாதையா இருக்குண்ணே. அதான் சிரிப்பே வரல லா,” என்றேன்.

அந்த அடுப்புக் கேள்வியைத் திரும்பப் போடு. யார் சண்டைக்கு வந்தாலும் நான் பேசிக்கொள்கிறேன்.

இன்னொன்று. ரிப்போர்ட் போட்டவர்கள் யாரும் கேட்காததால் நானும் சொல்லவில்லை. அன்று கோயிலிலிருந்து முதலில் வீட்டுக்கு வந்தவள் நான். சமையலறை முழுக்கப் புகை. சாம்பார் சட்டியோடு கருகிக் கிடந்தது. அடுப்பு எரிந்துகொண்டே இருந்தது; நீ அதை அடைக்கவே இல்லை.

அம்மன் சரியாகத்தான் கேட்டிருக்கிறாள். அதையும் எழுது.

அடுப்பை உன்னை நம்பி விட்டுப்போன,
உன் அக்கா