பாறையில் போட்ட வட்டம்

அன்புள்ள பூங்காவனத்துக்கு,

முட்டிவலி கம்மியாயிற்றா? நான் யானை பலத்தோடு இருக்கிறேன். இனி சொல்லப்போவதை ஆம்பூரில் ஒருவரும் நம்பமாட்டார்கள், இது சத்தியம்.

ஞாயிறன்று, வேலூர்க் கோட்டையை நூறு அடுக்கு அடுக்கினாலும் நிரம்பாத ஓர் அமெரிக்கப் பள்ளத்தாக்குக்குப் போனோம். இருநூறு வருஷத்துக்கு முன் தோலுக்காகப் பொறிவைத்து விலங்கு பிடிக்க வந்தவன், பாறையில் தன் பெயரைச் செதுக்கியிருக்கிறான். நம் தொழில்காரன்! பக்கத்தில் ஒரு வெடிப்பு. முப்பது வருஷமாகத் தோல் கம்பெனியில், தோலில் பழுதைக் கண்டால் சாக்பீஸால் வட்டம் போட்ட கை சும்மா இருக்குமா? சட்டைப்பையிலிருந்ததை எடுத்து வெடிப்பைச் சுற்றிப் போட்டுவிட்டேன்.

“இன்னாண்ணே பண்ணிட்ட!” என்று அலறினான், கூட வேலை செய்யும் ராணிப்பேட்டை செல்வகுமார். “இந்தப் பாறையத் தொட்டாலே கேஸுண்ணே! ஊருக்கு ஏத்திடுவாங்க!”

பனைமர உயரத்தில் ஒரு காவலர், நாற்பது துப்பாக்கி, தலைக்கு மேல் ஹெலிகாப்டர்! என் உயிர் பாலாறு வரை ஓடித் திரும்பியது. கடைசியில் அவரே தூரிகையால் துடைத்து, அதட்டி அனுப்பினார்.

மிளகாய்த்தூள் அனுப்பு. உன் பழைய புடவையில் ஒரு துண்டும் வை, கண்ணாடி துடைக்க. கம்பெனி வேன் வந்துவிட்டது.

காவலர் ஐந்தடிதான். துப்பாக்கியும் ஹெலிகாப்டரும் என் கைச்சரக்கு. ஆனால் ஊருக்கு அனுப்பிவிடுவார்கள் என்றதும் ஒரு நொடி சந்தோஷப்பட்டேனே, அந்தச் சின்னத் துண்டு மட்டும் நிஜம்.

உன்
சம்பந்தம்