இரண்டு ஸ்டிக்கர்

மார்ச் 4, திங்கள்

காலை ஒன்பதரைக்கு மைத்துனர் மகன் என் அறைக்குள் வந்து கதவைச் சாத்தினான். என் கணவர் காலமான பிறகு தொழிற்சாலையை நடத்துகிறவன் அவன்தான். கதவைச் சாத்துகிற வழக்கம் அவனுக்குக் கிடையாது. போனை நீட்டினான். யாரோ இணையத்தில் போட்ட படம் - எங்கள் ரப்பர் வளையம். போனில் சார்ஜர் செருகும் துளைக்குள் தண்ணீர் இறங்காமல் காக்கிற வளையம். சுண்டுவிரல் நக அளவு. இன்னும் கடைக்கு வராத ஒரு போனுக்காகச் செய்துகொண்டிருக்கிறோம். வெளியே ஒரு ஈ காக்கைக்கும் தெரியக் கூடாது என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறோம்.

"பெரியம்மா, பெரிய கம்பெனியில இருந்து மெயில். யாருன்னு பத்து நாளுக்குள்ள சொல்லணுமாம். இல்லேன்னா ஆர்டரை வேற எடத்துக்குக் குடுத்துடுவாங்க."

அந்த ஆர்டரை நம்பி நூற்று நாற்பது பேர் இருக்கிறோம். வெளியாள் உள்ளே வரவே முடியாது. அப்படியென்றால் எங்களில் ஒருவர்.

மார்ச் 5, செவ்வாய்

வாசலில் காவலர் ஒவ்வொருவர் போனிலும் கேமரா கண்ணை மூடி ஒரு ஸ்டிக்கர் ஒட்டுவார். பிரித்தால் கிழிந்துவிடும், மறுபடி ஒட்ட முடியாது. ஸ்டிக்கரின் எண்ணை நோட்டில் எழுதிக்கொள்வார். வெளியே போகும்போது அவரே பார்த்துப் பிரிப்பார். நானும் வரிசையில் நின்றுதான் ஒட்டிக்கொள்கிறேன். முதலாளிக்கு ஒரு சட்டம், மற்றவருக்கு ஒரு சட்டம் என்பது எனக்குப் பிடிக்காது.

மூன்று மாத நோட்டுகளை வரவழைத்தேன். காவலர் மேசையில் அடுக்கினார். "மேடம், எழுத்து கோழி கிண்டின மாதிரிதான் இருக்கும், ஆனா பொய் இருக்காது."

இல்லை. ஆனால் ஒரே பெயருக்குத் தினமும் இரண்டு ஸ்டிக்கர். ஐந்து முப்பத்தைந்துக்கு வெளியே. ஐந்து ஐம்பத்தைந்துக்கு மறுபடி உள்ளே.

நான் வாசலில் நின்று எல்லோரும் கிளம்புவதைப் பார்த்துவிட்டு, ஐந்தே முக்காலுக்குக் காரில் ஏறுவேன். பத்தே நிமிடம் கழித்து!

மார்ச் 6, புதன்

அந்தப் பெயர் தரப் பிரிவின் தலைவியுடையது. பதினைந்து வருடமாக இங்கே இருக்கிறாள். வேலைக்காரர்கள் அவளுக்கு வைத்த பெயர் 'அரைவார்த்தை'. எதைக் கேட்டாலும் "ம்". மிஞ்சிப்போனால் "பார்க்கலாம்". வம்பு பேசாத பெண் என்று இத்தனை நாள் மெச்சியிருக்கிறேன். வாயைத் திறக்காதவள் உள்ளே என்ன வைத்திருக்கிறாள் என்று நான் என்ன கண்டேன்?

மார்ச் 7, வியாழன்

மைத்துனர் மகனிடம் இரண்டு போன்கள். ஒன்று எப்போதும் கவிழ்ந்தே கிடக்கிறது. ஏன்?

(மாலை: பின்னால் போய் நின்று பார்த்தேன். சீட்டாட்டம். தோற்றுக்கொண்டிருந்தான்.)

மார்ச் 8, வெள்ளி

மதியம் இரண்டு மணியிலிருந்து ஐந்தரை வரை கடைசிப் பரிசோதனை என்னுடையது. தட்டுத் தட்டாக வளையங்கள் வரும். விளக்கு வைத்த லென்சின் கீழே பார்த்து, விளிம்பில் பிசிறு இருப்பதைப் பொறுக்கி எறிந்துவிட்டுக் கையெழுத்துப் போடுவேன். மறுநாள் காலை அது பேக்கிங்குக்குப் போகும். முப்பது வருடத்தில் என் கையெழுத்தோடு போன ஒரு தட்டும் திரும்பி வந்ததில்லை. இன்று நான்கு தட்டு முடித்துவிட்டு அவளைக் கூப்பிட்டேன்.

"சாயந்தரம் வெளிய போயிட்டு மறுபடி உள்ள வர்றியாமே?"

"ஆமா மேடம்."

"எதுக்கு?"

"மிச்ச வேலை."

"என்ன மிச்சம்?"

தரையைப் பார்த்தாள். போனைக் கேட்டேன். கம்பெனி கொடுத்த போன், கேட்க எனக்கு உரிமை உண்டு. அவளே பூட்டு எண்ணை ஒரு துண்டுச் சீட்டில் எழுதி, போனின் மேல் வைத்துவிட்டு நேரே வீட்டுக்குப் போனாள். கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

"நம்ம கம்ப்யூட்டர் பசங்க பாத்துக்குவாங்க பெரியம்மா" என்றான் மைத்துனர் மகன். ஒரு பெண்ணின் போனை ஆண்பிள்ளைகளிடம் கொடுப்பதா? நானே பார்க்கிறேன் என்று சொல்லிவிட்டேன். அப்படிச் சொன்னபோது நியாயமாகத்தான் பட்டது.

மார்ச் 9, சனி

படங்களைப் பார்த்தேன். ஒரு பூனை, பள்ளிக்கூட ரசீது, மருந்துச் சீட்டு. வளையம் ஒன்றுகூட இல்லை. அங்கேயே நிறுத்தியிருக்க வேண்டும்.

கான்வென்ட் விடுதியில் மதர் எங்கள் கடிதங்களைப் பிரித்துப் படித்த பிறகுதான் எங்களிடம் தருவார். அம்மா எனக்கு எழுதியதை எனக்கு முன்னால் படித்த அந்த முகத்தை எத்தனை வருடம் வெறுத்தேன்! அதே நான், மேசையில் காபி ஆற, அவள் அக்காவுக்கு அனுப்பியதையெல்லாம் விரலால் தள்ளித் தள்ளிப் படித்தேன்.

"மேடத்துக்குக் கண்ணு சரியாத் தெரியலக்கா. பிசிறு இருக்கறதையும் சரின்னு கையெழுத்துப் போட்டுடறாங்க. அவங்க கார் போனதும் உள்ள போய் எல்லாத்தையும் ஒரு தடவை பாத்து எடுத்துடறேன். சொன்னா உடைஞ்சு போயிடுவாங்க."

அதற்கு அக்கா: "உனக்கென்னடி தலையெழுத்து? கிழவி விழுந்தா விழட்டும்."

"விழுந்தா அவங்க மட்டுமா விழுவாங்க?"

தேதி போன ஜூலை. எட்டு மாசம்! எட்டு மாசமா ஊர் முழுக்க வேடிக்கை பார்க்க, நான் ராணி மாதிரி உட்கார்ந்து கையெழுத்துப் போட்டிருக்கேன்.

மார்ச் 10, ஞாயிறு

இடது கண்ணை மூடிக்கொண்டு சுவர் நாட்காட்டியைப் பார்த்தேன். தேதி இருக்க வேண்டிய இடத்தில் புகை.

மார்ச் 11, திங்கள்

விடிந்ததும் வேறொரு எண்ணம். போன் என்றைக்காவது என் கைக்கு வரும் என்று தெரிந்தே அப்படி எழுதி வைத்தாளோ? கெட்டிக்காரி ஆயிற்றே.

வெள்ளிக்கிழமை அவள் மறுபடி உள்ளே போகவில்லை. அன்று நான் கையெழுத்திட்ட நான்கு தட்டுகளையும் பேக்கிங்கில் நிறுத்தச் சொல்லி, பெரிதாக்கிக் காட்டும் இயந்திரத்தில் நானே ஒவ்வொன்றாக வைத்துப் பார்த்தேன். ஆயிரத்து இருநூறு வளையங்களில் முப்பத்தொன்றில் பிசிறு. திரையில் கயிறு போல நீட்டிக்கொண்டு நின்றது. குருடனுக்கும் தெரியும். எனக்குத் தெரியவில்லை.

இனி அவளைச் சந்தேகிக்க என்ன பாக்கி?

மார்ச் 13, புதன்

பெரிய கம்பெனியிலிருந்து இரண்டு வரி. படம் எங்களிடமிருந்து போகவில்லையாம். எங்கள் வளையத்தை வாங்கிப் பொருத்தும் இன்னொரு தொழிற்சாலையில் எடுத்திருக்கிறார்கள். ஆர்டர் தொடரும். சிரமத்துக்கு வருத்தம் என்று ஒரு சொல் இல்லை.

"தப்பிச்சோம் பெரியம்மா!" என்று குதித்தான். அவன் வைத்துவிட்டுப் போன காகிதத்துக்கு அடியில் அரைவார்த்தையின் ராஜினாமா. 'சொந்தக் காரணம்' என்று இரண்டே சொல்.

வருத்தம் சொல்லாதவர்களைப் பற்றி நான் பேசலாமா?

மார்ச் 14, வியாழன்

கூப்பிட்டனுப்பினேன். வந்தாள். போனை அவள் பக்கம் நகர்த்தினேன்.

"படிச்சீங்களா?"

"படிச்சேன்."

"அக்கா எழுதினதையுமா?"

"அதையும்."

பதினைந்து வருடத்தில் முதல்முறையாக முழுசாகப் பேசினாள். "பிசிறு விஷயம் தெரிஞ்சது நல்லதுக்குத்தான் மேடம். ஆனா எங்க வீட்டுக்காரர் குடிக்கறது, பொண்ணு பரீட்சையில போனது, நான் பாத்ரூம்ல உக்காந்து அழுதது, எல்லாத்தையும் படிச்சிட்டீங்க. இனிமே என் மூஞ்சியைப் பாத்தா உங்களுக்கு அதுதானே ஞாபகம் வரும்? அதுக்கு நான் எங்க போறது?"

மன்னித்துக்கொள் என்றேன். இந்த அறையில் நான் அதைச் சொன்னதில்லை. திங்கள் முதல் கடைசிக் கையெழுத்து உன்னுடையது என்றும் சொன்னேன்.

"அது வேலை மேடம். அது வேற."

பிறகு போனைத் திரும்ப என் பக்கமே தள்ளினாள். "இது எனக்கு வேண்டாம். என்கிட்ட எதாவது கேக்கணும்னா நேர்ல வந்து கேளுங்க."

"நானா?"

"நீங்கதான்."

தரப் பிரிவு மாடியில் இருக்கிறது. முப்பத்திரண்டு படி. எனக்கு எழுபத்து மூன்று வயது என்று வாய் வரை வந்தது. விழுங்கிவிட்டேன்.

ராஜினாமாக் கடிதத்தை அவளிடம் நீட்டினேன். வாங்கவில்லை. "இந்த மாசம் போகட்டும். பார்க்கலாம்" என்றாள்.

மார்ச் 18, திங்கள்

கண் மருத்துவர் அடுத்த வாரம் வலது கண்ணில் அறுவை சிகிச்சை என்றார். இடதுக்கும் நாள் குறித்திருக்கிறார்.

மாடி ஏறினேன். பதினேழாம் படியில் மூச்சு வாங்கியது. வேலைக்காரர்கள் பார்க்காதது போலப் பார்த்தார்கள். "பெரியம்மா, என்னை அனுப்பியிருக்கக் கூடாதா?" என்றான் மைத்துனர் மகன். உன் சீட்டாட்டத்தைப் பார் என்றேன்.

மார்ச் 22, வெள்ளி

ஏறினேன். "ம்" என்றாள்.

மார்ச் 26, செவ்வாய்

இன்று மூன்று முறை ஏறினேன். முதல் இரண்டு முறை நான் நின்றுகொண்டு கேட்டேன், அவள் உட்கார்ந்துகொண்டு பதில் சொன்னாள். மூன்றாம் முறை, தட்டிலிருந்து கண்ணை எடுக்காமலே, பக்கத்து நாற்காலியை என் பக்கம் நகர்த்தினாள்.